தில்லைநாதன் மாஸ்டரின் செத்தவீடு

பிணமாகக் கிடக்க முள்ளியவளையில் ஒருவரும் சம்மதிக்கவில்லை.

"எனக்கு ஆறு பிள்ளையள், மாஸ்டர். பொய்யுக்கும் கிடக்க மாட்டன். நெல்லும் முத்தி நிக்குது," என்று சொல்லிவிட்டு, படத்தில் கதாநாயகியின் தகப்பனாக நடித்த வீரகத்தி வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு வயலுக்குப் போய்விட்டார்.

அது அறுபத்தோராம் ஆண்டு, மாசி மாதம். பள்ளிக்கூட வாத்தியார் தில்லைநாதன் தானே கதை எழுதி, தானே இயக்கிய முதல் படத்தில் மிச்சமிருந்தது செத்தவீட்டுக் காட்சி மட்டும். கமராக்காரர் செல்வநாயகம் மூன்று மணி பஸ்ஸில் யாழ்ப்பாணம் திரும்ப வேண்டும். அவரிடம் இருந்ததோ ஒரேயொரு சுருள்.

பக்கத்து வீட்டு அப்புத்துரையைக் கெஞ்சிக் கட்டிலில் கிடத்தினார்கள். இரண்டாம் நிமிடமே குறட்டை. தட்டி எழுப்பினால், "பிணம் நித்திரை கொள்ளக் கூடாதோ?" என்று சண்டைக்கு வந்தார்.

"நானே கிடக்கிறன்," என்றார் தில்லைநாதன்.

படத்தில் சாகும் தகப்பனுக்கு நரைத்த தலை. இயக்குநருக்கோ கன்னங்கரேலென்ற முடி. அரிசிமாவை அள்ளித் தலையில் பூசினார்கள். மாவைக் கண்ட கோழிகள் கட்டிலில் ஏறின. வயல் வேலையை விட்டுவிட்டு ஒப்பாரி வைக்க வந்திருந்த பெண்கள் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார்கள்.

"அக்காமார், நான் செத்துக் கிடக்கிறன். கொஞ்சம் அழுங்கோவன்!"

பிணம் பேசியதும் சிரிப்பு இன்னும் கூடியது.

"மணி ரெண்டரை," என்றார் செல்வநாயகம்.

இரண்டு மாதமாகப் படக்குழு முழுவதற்கும் சமைத்துப் போட்ட, தில்லைநாதனின் மனைவி இராசேஸ்வரி வெளியே வந்தாள்.

"இஞ்சேருங்கோ, கண்ணை மூடுங்கோ. வாய் திறக்காதேங்கோ."

பெண்களை அடுப்பெரியும் குசினிக்குள் கூட்டிக்கொண்டு போய்க் கதவைச் சாத்தினாள்.

திரும்பி வந்தவர்கள் வேறு ஆட்கள். கட்டிலைச் சுற்றி விழுந்து மாரில் அடித்துக் கதறினார்கள்.

"ஐயோ, இனி நாங்கள் என்ன செய்வம்!"

ஒப்பாரிக்கு வந்தவர்களில் ஒருத்தியான கமலாசனியின் கண்ணீர் தில்லைநாதனின் கையில் சுடச்சுட விழுந்தது. சுருள் முடியும்வரை செல்வநாயகம் கமராவை நிறுத்தவில்லை. பிறகு பெட்டியைத் தூக்கிக்கொண்டு பஸ்ஸுக்கு ஓடினார்.

தில்லைநாதன் கண்ணைத் திறந்தார். மாற்றலாகி வந்து மூன்று வருடத்தில் இந்த ஊர் தன்னை மதித்ததேயில்லை என்றல்லவா நினைத்திருந்தார்! மா உதிர எழுந்து உட்கார்ந்தார். கமலாசனி இன்னும் விம்மிக்கொண்டிருந்தாள்.

"கமலாசனியக்கா, இது நடிப்பில்லை. என்னில உங்களுக்கு இவ்வளவு பட்சமோ?"

அவள் சேலைத் தலைப்பால் மூக்கைத் துடைத்தாள்.

"இல்லை மாஸ்டர். இந்தப் படம் முடிஞ்ச கையோட நீங்கள் அடுத்த படம் துவங்கப் போறியளெண்டு உங்கட வீட்டுக்காரி சொன்னவா."