அழற்சியற்ற வளாகம்

கும்மிடிப்பூண்டி தொழிற்பேட்டையில் ஓர் ஆலை என்ன தயாரிக்கிறது என்பதை உள்ளே போய்த்தான் தெரிந்துகொள்ள வேண்டும். அங்கே எத்தனை நாளாக யாருக்கும் அடிபடவில்லை என்பதை மட்டும் வாசலிலேயே எழுதிப் போட்டிருப்பார்கள். கெங்கம்மாள் வேலை பார்த்த பிளாஸ்டிக் வாளி ஆலையிலும் அப்படி ஒரு பலகை உண்டு. 'விபத்தின்றி 611 நாட்கள்.' அந்த அறுநூற்றுப் பதினோரு நாளில் ஒருவருக்கும் விபத்து நேரவில்லை. நேர்ந்தவர்கள் அனைவரும் வீட்டுக் குளியலறையில் வழுக்கி விழுந்தவர்களாகப் பதிவாகியிருந்தார்கள்.

இந்த ஆண்டு அதன் பக்கத்தில் இரண்டாவது பலகை ஒன்று வந்தது. அதற்குக் காரணம் சென்னையிலிருந்து வந்து அதிகாரிகளுக்கு ஒருநாள் வகுப்பெடுத்த ஆரோக்கிய ஆலோசகர். எந்த நோயானாலும் அதன் அடியில் அழற்சி இருக்கிறது, கண்ணுக்குத் தெரியாததால்தான் அது அழற்சி என்றார் அவர். அதிகாரிகள் கலங்கிப் போனார்கள். வகுப்பு முடிவதற்குள் ஆளுக்கொன்றைக் கண்டுபிடித்தும் விட்டார்கள். கணக்குப் பிரிவு மேலாளருக்குக் குடலில் அழற்சி. கொள்முதல் அதிகாரிக்கு உறக்கத்தில் அழற்சி. தொழிலாளர் நல அலுவலர் வசந்தகுமாருக்கு இரண்டும் இருந்தன, கூடவே உறவுகளிலும் இருந்தது. அன்றோடு அவர் சோற்றை விட்டார், கோதுமையை விட்டார், செப்புக் குடுவையில் மஞ்சளும் மிளகும் கலந்த நீரைச் சுமந்தபடி நடந்தார். நான்கு மாதத்தில் சட்டைக்குள் தேட வேண்டிய ஆளானார்.

தலைமை அலுவலகம் இந்த எழுச்சியைக் கண்டு மகிழ்ந்து, ஆலையை 'அழற்சியற்ற வளாகம்' என்று அறிவிக்க ஒப்புக்கொண்டது. நிபந்தனை ஒன்றுதான். ஐம்பது நாள் எந்தத் தொழிலாளிக்கும் அழற்சி பதிவாகக் கூடாது. அந்த நாட்கணக்குதான் இரண்டாவது பலகையில் ஏறிக்கொண்டு வந்தது. அதிகாரிகளின் அழற்சி விழிப்புணர்வுக் கணக்கில் வரும் என்பதால் அதற்குத் தடையில்லை. ஐம்பதாம் நாள் ஆலைக்குக் கேடயம். தொழிலாளிகளுக்கு ஆளுக்கொரு ஹாட்பாக்ஸ்.

நாற்பத்தேழாம் நாள் காலை கெங்கம்மாள் மருத்துவச் சீட்டோடு வந்து நின்றாள்.

அச்சிலிருந்து விழும் வாளி மூடிகளின் ஓரப் பிசிறைக் கத்தியால் சீவி எடுப்பது அவள் வேலை. ஒரு ஷிப்டுக்கு ஆயிரத்து அறுநூறு மூடி. ஒரு மூடிக்கு மணிக்கட்டை நான்கு முறை திருப்ப வேண்டும். முந்தின நாள் தொழிலாளர் மருந்தகத்து டாக்டரம்மா அந்த வலது மணிக்கட்டை ஒருமுறைதான் அழுத்தினார். கெங்கம்மாள் போட்ட சத்தத்தில் வெளியே வரிசையில் இருந்தவர்கள் எட்டிப் பார்த்தார்கள்.

"இதுக்குப் பேரு அழற்சிமா. உள்ள நெருப்புப் புடிச்சா மாதிரி. செவக்கும், சுடும், வீங்கும், வலிக்கும். மூணு வாரம் இந்தக் கைக்கு வேலையே குடுக்காதீங்க. குடுத்தீங்கன்னா அப்புறம் சோத்துக் கை சோறு எடுக்காது" என்று சொல்லி எழுதிக் கொடுத்திருந்தார்.

சீட்டு இல்லாமல் மூன்று நாள் வராவிட்டால், அவளை வேலைக்கு அனுப்பும் ஒப்பந்தக்காரர் வாயிற்காப்பாளரிடம் உள்ள பட்டியலிலிருந்து பெயரை எடுத்துவிடுவார். சீட்டை வசந்தகுமார் ஏற்றுக்கொண்டால் மூன்று வாரம் கழித்தும் பெயர் அங்கே இருக்கும். கெங்கம்மாளுக்கு வேண்டியது அவ்வளவுதான்.

வசந்தகுமார் சீட்டைப் படித்தார். மஞ்சள் நீரை ஒரு வாய் குடித்தார். மறுபடி படித்தார். ஜன்னல் வழியே பலகையைப் பார்த்தார்.

"என்னம்மா இது, அழற்சின்னு எழுதியிருக்கு?"

"ஆமா சார். டாக்டரம்மாதான் எழுதுச்சு."

"வேற வார்த்தையே கிடைக்கலையா? சுளுக்கு, பிடிப்பு, குடைச்சல்... எவ்ளோ நல்ல வார்த்தைங்க இருக்கு."

"எனுக்கு இன்னா தெரியும் சார்? கை கத்தியப் புடிக்க மாட்டேங்குது. ராவுல புடவைய அவுக்கக்கூட முடியல."

"பாரும்மா. அழற்சின்னா என்னன்னு உனக்குத் தெரியாது. எனக்கு நாலு மாசமா இருக்கு. அதோட வலி என்னன்னு எனக்குத் தெரியும்."

"எங்க சார் வலிக்குது?"

"வலிக்காது. அதான் அழற்சி."

"எனுக்கு வலிக்குதே சார்."

"அதான் எனக்கே சந்தேகமா இருக்கு" என்றார் வசந்தகுமார்.

அன்று மாலையே சுற்றறிக்கை வெளியானது. 'மேற்படி தொழிலாளி தமக்கு அழற்சி உள்ளதாகக் கோரியிருப்பதை முன்னிட்டு, அக்கோரிக்கையின் மெய்த்தன்மையை ஆராய மூவர் குழு இதனால் அமைக்கப்படுகிறது. சிவப்பு, சூடு, வீக்கம், வலி ஆகிய நான்கும் ஆலையில் உள்ள கருவிகளைக் கொண்டே சரிபார்க்கப்படும். சராசரி அளவிலிருந்து ஒன்றரை சென்டிமீட்டருக்கு மேல் மாறுபடும் மணிக்கட்டை உடையவருக்கு மூன்று வாரம் ஓய்வு அளிக்கப்படும்.' குழுவின் தலைவர் வசந்தகுமார். உறுப்பினர்கள் பாதுகாப்பு அலுவலர் அன்புராஜும் தரக்கட்டுப்பாட்டு மொஹசினும்.

வீட்டுக்குப் போகும் கம்பெனி வேனில் யாரும் கெங்கம்மாள் பக்கத்தில் உட்காரவில்லை. பிசிறுப் பிரிவில் அவளோடு நிற்கும் சின்னப்பொண்ணுதான் கடைசியில் வாயைத் திறந்தாள்.

"ஏன்க்கா, இன்னும் மூணே நாளு. அதுக்குள்ள இன்னா அவசரம் உனுக்கு?"

"கை வீங்கிக்கினு கெடக்குதுடீ."

"யாருக்கு வீங்கல? எனுக்கு வீங்கல? இந்தா பாரு." சின்னப்பொண்ணு வளையலை மேலே தள்ளிக் காட்டினாள். வளையல் தள்ளிய இடத்திலேயே இறுகி நின்றது. "தைலம் தேய்ச்சிக்கினு வரோம்ல? நீ மட்டும் சீட்டு வாங்கிக்கினு வந்து எல்லாத்தையும் பேஜாரு பண்ற. ஹாட்பாக்ஸ் வந்தா எம் மாமியாருக்குக் குடுக்கறேன்னு சொல்லிட்டேன்க்கா."

போன வருடம் சின்னப்பொண்ணின் விரல் அச்சில் நசுங்கியபோது, முதல் பலகைக்குக் குக்கர் தருவதாக இருந்தார்கள். ஊட்ல கதவுல மாட்டிக்கிச்சுன்னு சொல்லிடு என்று யோசனை சொன்னவள் கெங்கம்மாள்தான். அந்தக் குக்கரில்தான் இன்றைக்கும் அவள் பருப்பு வேகவைக்கிறாள்.

மறுநாள் பத்து மணிக்குக் குழு கூடியது.

முதலில் சிவப்பு. மொஹசின் வாளிகளின் நிறத்தைச் சரிபார்க்கும் வண்ண அட்டையைக் கொண்டுவந்து அவள் மணிக்கட்டோடு வைத்துப் பார்த்தான். பழவேற்காட்டுக்காரன், நேர்மையானவன். செர்ரி ரெட், பிரிக் ரெட், ரோஸ் மூன்றையும் வைத்துப் பார்த்துவிட்டு, "சாக்லேட் பிரவுன்தான் சார் ஒத்துப்போவுது" என்றான். சிவப்பு இல்லை என்று எழுதப்பட்டது.

அடுத்தது சூடு. கொரோனாக் காலத்தில் வாங்கிய வெப்பத் துப்பாக்கியை அன்புராஜ் அவள் கையை நோக்கி நீட்டினார். பிறகு நடுநிலை காக்கும் பொருட்டு அச்சு இயந்திரத்தை நோக்கி நீட்டினார். இயந்திரத்தைவிடக் கை குளிர்ச்சியாக இருந்தது. சூடு இல்லை.

"வலி?" என்றார் அன்புராஜ்.

"வலிக்குது சார்" என்றாள் கெங்கம்மாள்.

"உங்களக் கேக்கல. நீங்க சம்பந்தப்பட்டவங்க, உங்க சாட்சியம் செல்லாது. வலியை அளக்க நம்ம கிட்ட என்ன கருவி இருக்கு, மொஹசின்?"

"ஒண்ணும் இல்ல சார்."

கருவி இல்லாத காரணத்தால் வலி இல்லை.

மிச்சம் இருந்தது வீக்கம். சராசரி தெரிந்தால்தான் மாறுபாடு தெரியும் என்பதால் பிசிறுப் பிரிவின் இருபத்திரண்டு பெண்களும் வரிசையாக வலது கையை நீட்டினார்கள். மொஹசின் அளவு நாடாவைச் சுற்றிச் சுற்றி எழுதினான். பதினெட்டு புள்ளி இரண்டு. பதினெட்டு. பதினெட்டரை. சின்னப்பொண்ணுக்குப் பதினெட்டு புள்ளி ஆறு. ஒவ்வொருத்தியும் நாடா இறுகும்போது உதட்டைக் கடித்துக்கொண்டு, "எனுக்கு ஒண்ணுமில்ல சார்" என்று கேட்காமலேயே சொன்னாள். சராசரி பதினெட்டு புள்ளி மூன்று. கெங்கம்மாளுக்குப் பதினெட்டு புள்ளி நான்கு.

"பாத்தியாம்மா? கச்சிதமா எல்லாரை மாதிரியே இருக்கு. எங்க ரிப்போர்ட்ல இதுக்கு மேல நார்மலான கை கிடையாது" என்றார் வசந்தகுமார். குரலில் உண்மையான மகிழ்ச்சி இருந்தது.

கெங்கம்மாள் எழுந்து நின்றாள். மூன்று வாரம் கண்முன்னே போய்க்கொண்டிருந்தது.

"இத்தினி பேரும் அதே கத்தி புடிக்கிறவங்க சார். வீங்குன கையோட வீங்குன கைய வச்சிப் பாத்தா இன்னா தெரியும்? நல்ல கை ஒண்ணு அளந்து பாருங்க. உங்களுத அளங்க. அப்ப தெரியும் வித்தியாசம்."

சின்னப்பொண்ணுகூடத் தலையைத் தூக்கிப் பார்த்தாள். வசந்தகுமார் மறுக்கவில்லை. நான்கு மாத விரதத்தை நாலு பேர் பார்க்கட்டும் என்று சட்டைக் கையை மடித்துவிட்டுக் கொண்டார். மொஹசின் நாடாவைச் சுற்றினான். பதினைந்து புள்ளி ஒன்று.

"மூணு சென்டிமீட்டருக்கு மேல வித்தியாசம் சார்" என்றான்.

"அதான் சார் நான் சொன்னது!" என்றாள் கெங்கம்மாள்.

அன்புராஜ் சுற்றறிக்கையை எடுத்து, விரலை வரிவரியாக ஓட்டி இரண்டு முறை படித்தார். பிறகு வசந்தகுமாரை ஆழ்ந்த அனுதாபத்தோடு பார்த்தார்.

"சார், விதிப்படி உங்களுக்குத்தான் ஓய்வு. இத்தனை நாள் இதை வச்சிக்கிட்டா ஆபீஸ் வந்தீங்க?"

"வெளிய காட்டிக்கிறதில்ல" என்றார் வசந்தகுமார். அவர் கண்கள் லேசாகக் கலங்கியிருந்தன. வரிசையில் நின்ற பெண்களில் இரண்டு பேர், பாவம், சாப்பிடறதே இல்லையாம் என்று பேசிக்கொண்டார்கள்.

மூன்று வார ஓய்வுக்கான உத்தரவு அங்கேயே தட்டச்சாகி வந்தது. குறைபாட்டை முதலில் கவனித்துச் சொன்னவர் என்ற முறையில் சாட்சியாகக் கெங்கம்மாள் கையெழுத்துப் போட வேண்டும் என்றார்கள். அவள் பேனாவை இடது கையில் வாங்கி, பெயரைக் கோணல்மாணலாக எழுதினாள். மொஹசின் அதை அவளுடைய பணிப்பதிவோடு ஒப்பிட்டுப் பார்த்துவிட்டு, ஒத்துப்போகவில்லை என்றான்.

புதுத் தாள் ஒன்று வந்தது. அவள் வலது கையால் எழுதி முடிக்கும்வரை எல்லோரும் பொறுமையாகக் காத்திருந்தார்கள்.