வரவில்லை என்று வந்து சொன்னவர்

இந்தக் கதையை நான் பல வருடங்களாக முழுதாக நம்பவில்லை. முக்கியமான கட்டத்தில் நான் அங்கே இல்லை. கோப்பி எடுக்கப் போயிருந்தேன்.

எண்பதுகளின் நடுவில் ஒரு நாள். சுவிஸில், பீல் நகரத்து மணிக்கூட்டுத் தொழிற்சாலையில் வேலை செய்த நடராசா அண்ணையை பேர்ணுக்குக் கூட்டிப்போய், நீதிமன்றத்தில் மொழிபெயர்க்க வேண்டும். அவ்வளவுதான் என் வேலை.

என் ஜெர்மன் உணவகக் குசினியில் கற்றது. வெங்காயம் பற்றி என்றால் நன்றாக வாதாடுவேன்.

வீட்டுக்காரர் அண்ணையை வீட்டை விட்டு எழும்பச் சொல்லிப் போட்ட வழக்கில் வென்றிருந்தார். இது அப்பீல். இதிலும் தோற்றால் வீடு போய்விடும். அடுத்த கிழமை அவர் மனைவியும் இரண்டு பெண்பிள்ளைகளும் யாழ்ப்பாணத்திலிருந்து வருகிறார்கள்.

நீதிமன்ற அறை வாசலில் கிடந்த வாங்கில் இருந்தோம்.

"தம்பி, ஒரு கோப்பி குடிச்சால் பயம் போகும்."

"பயம் உங்களுக்கோ, எனக்கோ?"

"உமக்குத்தான்."

போனேன். கோப்பி இயந்திரம் காசை விழுங்கிவிட்டுச் சும்மா நின்றது. அதோடு மல்லுக்கட்டிவிட்டுத் திரும்பினால், அண்ணை ஆறுதலாக இருக்கிறார்.

"ஆரும் கூப்பிட்டவையோ?"

"எங்களை இல்லை. உள்ளையிருந்து ஒரு அம்மா வந்து 'ஹெர் கந்தையா' எண்டு கூப்பிட்டவ. ஐயா ஊரிலை எண்டு சொல்லி அனுப்பிப்போட்டன்."

ஹெர் என்றால் திரு. கந்தையா என்பது நடராசா அண்ணையின் தகப்பனார் பெயர். எங்கள் ஆட்களின் தகப்பன் பெயரைத்தான் இந்த நாடு குடும்பப் பெயராக எழுதிவைத்திருக்கிறது.

"என்னெண்டு சொன்னனீங்கள்?"

"'நிக்ஸ் ஹியர், ஸ்ரீலங்கா' எண்டன், இஞ்சை இல்லை எண்டு. வரமாட்டாரோ எண்டு கேட்டா. 'நைன்', இல்லை எண்டன். இந்த வயசிலை அவர் என்னெண்டு வாறது?"

கதவைத் தட்டினேன். அந்த அம்மாதான் திறந்தார்.

"மேன்முறையீடு செய்தவர் வரவில்லை. தள்ளுபடி."

"அவர் இதோ நிற்கிறார்."

அம்மா அண்ணையை மேலும் கீழும் பார்த்தார். "அவர் வரமாட்டார் என்று சொன்னவரே இவர்தானே?"

"ஓம். ஆனால் வராதவரும் இவர்தான்."

தமிழிலேயே இது சரியாக நிற்கவில்லை. என் ஜெர்மனில் எப்படிப் போயிருக்கும் என்று இன்றைக்கும் யோசிக்கிறேன். அவர் கதவைச் சாத்தினார்.

"தம்பி, என்னவாம்? வெண்டிட்டமோ?" என்றார் அண்ணை.

அடுத்த கிழமை நாலு பேரும் என் ஒற்றை அறைக்கு வந்து சேர்ந்தார்கள். அந்தப் பனிக்காலம் முழுக்க நான் குசினியில், குளிர்சாதனப் பெட்டியில் தலையை முட்டிக்கொண்டு படுத்தேன்.

"இவரைத் தனிய விட்டிட்டு நீர் ஏன் போனனீர்?" என்று அண்ணையின் மனைவி சோறு போடும்போதெல்லாம் கேட்பார்.

நானும் என்னையே கேட்டேன். என் கோப்பிதான் அந்த வீட்டைக் குடித்ததா? அல்லது அண்ணை சொன்னதில் ஏதும் ஓட்டை இருக்கிறதா? இவ்வளவு காலம் உருட்டிப் பார்த்துவிட்டு, போன கிழமை அவர் தொலைபேசி எடுத்தபோது கேட்டேவிட்டேன்.

"அண்ணை, தொழிற்சாலையிலை சம்பள நாளிலை 'ஹெர் கந்தையா' எண்டு கூப்பிடேக்கை, எழும்பிப் போனது நீங்களோ, ஐயாவோ?"