ஒரு நாளும் தாமதமாகாத பதினான்காம் எண்

அன்புள்ள தம்பிக்கு,

அக்கா எழுதுவது. நானும் உன் அத்தானும் நலம். உன் நலத்தை விசாரிப்பது முறை என்பதால் விசாரித்துக்கொள்கிறேன். மற்றபடி தலைமை அலுவலகத்தின் ஏழாம் மாடியில் யாருக்கும் ஒரு தும்மல் வந்ததாகக்கூட நான் கேள்விப்பட்டதில்லை. போன் செய்தால் "மீட்டிங்ல இருக்கேன்க்கா" என்று வைத்துவிடுகிறாய். ஆகவே கடிதம். இதைப் பாதியில் கட் பண்ண முடியாது.

உன் தலைமையில் ஐந்து பேர் கொண்ட குழு கூடி, இந்த ஆண்டின் சிறந்த நகர ரயிலாக எங்கள் பணிமனையின் பதினான்காம் எண் வண்டியைத் தேர்ந்தெடுத்திருப்பதாகச் சுற்றறிக்கை வந்தது. நான்கு ஆண்டுகளாக அதில் ஒரு பழுது இல்லை, ஒரு நிமிடத் தாமதம் இல்லை, ஒரு பயணியின் புகார் இல்லையாம். அடுத்த வியாழக்கிழமை இயக்குநர் அதில் ஏறி நான்கு நிலையங்கள் போவாராம். அதற்கு முன் வண்டி ஓடத் தகுதியானது என்று ஆய்வாளராகிய நான் கையெழுத்துப் போட வேண்டுமாம். இரண்டு முறை படித்தேன். கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு மூன்றாம் முறையும் படித்தேன். அந்த ஐந்து பேரில் மூன்று பேர் முனைவர் பட்டம் வாங்கியவர்கள் என்பதையும் நினைத்துக்கொண்டேன்.

தம்பி, அந்த வண்டி நான்கு ஆண்டுகளாக நகரவே இல்லை.

ஒரு கதவு மோட்டார் கெட்டுப்போய் அது உள்ளே வந்தது. ஸ்டோரில் மோட்டார் இல்லை, வரும் வரை நிற்கட்டும் என்று ஒன்பதாம் தடத்தின் கோடியில் நிறுத்தினோம். பதிவேட்டில் "பழுது" என்று எழுதினால் மாதம் ஒருமுறை உங்கள் மாடிக்கு விளக்கம் எழுத வேண்டும் என்பதால், எங்கள் ஃபோர்மேன் "தயார் நிலை" என்று எழுதிவைத்தார். கேட்டதற்கு, "மோட்டார் வந்தா தயார்தானே மேடம்?" என்றார். அவருக்குப் பணிமனையில் பொறுமை என்று பெயர். கோபம் வந்தால் ஸ்பேனரை எறிவார். அடுத்த மாதம் வேறொரு வண்டிக்கு இரண்டு இருக்கை வேண்டியிருந்தது, பதினான்கிலிருந்து கழற்றினார்கள், பிறகு விளக்கு, பிறகு முன் கண்ணாடி, பிறகு பிரேக்கின் பாதி, மீதிப் பாதியை மட்டும் வைத்துக்கொண்டு என்ன செய்வது என்று அதையும். ஸ்டோர்க்காரரிடம் எதைக் கேட்டாலும் தலையைத் தூக்காமல் ஒரே பதில்: "பதினாலுல இருக்கான்னு பாருங்க." ஒருவர் தன் டீ டம்ளரைக் காணோம் என்று கேட்டபோதும் இதையேதான் சொன்னார். டம்ளர் அங்கேதான் இருந்தது. இன்றைய நிலவரம்: மூன்றாம் பெட்டியின் தரை வழியாக ஒரு செடி எழுந்து ஜன்னல் வரை வந்திருக்கிறது, ஓட்டுநர் இருக்கை பொறுமையின் அறையில் இருக்கிறது, அதில் அவர் இருக்கிறார்.

இதையெல்லாம் போனில் சொன்னபோது நீ என்ன சொன்னாய் என்பதை மறந்திருப்பாய். நான் மறக்கவில்லை.

"அக்கா, நம்ம கம்ப்யூட்டர்ல அப்படி எதுவும் காட்டலையே."

"நீ கீழ இறங்கி வந்து பாரு. காட்டும்."

"நாலு வருஷமா ஒரு நிமிஷம்கூட லேட்டாகல. நாற்பது வண்டியில வேற எதுக்கும் அந்தப் பெருமை இல்ல."

"கிளம்பாத வண்டி எப்படிடா லேட்டா வரும்?"

"அதுக்காகப் புள்ளிவிவரத்த மாத்த முடியுமா? விருதுக்கான பித்தளைத் தகட்டுல எண் பொறிச்சாச்சுக்கா."

தகட்டில் பொறித்தாயிற்று. ரயிலைக் காட்டிலும் தகட்டை மாற்றுவது கடினம் என்று எனக்கு இந்த வயதில்தான் தெரிகிறது.

பணிமனை என்ன செய்யும்? பதினான்கை மறுபடி ரயிலாக்கும் வேலை திங்கட்கிழமை தொடங்கியது. ஸ்டோர்க்காரர் வழக்கம்போல் வாயெடுத்தார், "பதினாலுல இருக்கா..." என்று பாதியில் நிறுத்திக்கொண்டார். இருபத்துமூன்று ஆண்டில் அவர் ஒரு வாக்கியத்தை முடிக்காமல் விட்டு நான் பார்த்ததில்லை. நன்றாக ஓடிக்கொண்டிருந்த மூன்று, எட்டு, பதினொன்று, இருபத்திரண்டு ஆகிய நான்கு வண்டிகளை இழுத்து வந்து, சக்கரம் ஒன்றிலும் பிரேக் ஒன்றிலும் மோட்டார் ஒன்றிலும் மற்றதெல்லாம் மீதி ஒன்றிலுமாகக் கழற்றுகிறார்கள். செடியை வெட்ட யாருக்கும் மனம் வரவில்லை, பெயர்த்து டீக்கடை வாசலில் நட்டிருக்கிறார்கள். ஓட்டுநர் இருக்கையைத் தூக்கிப்போனபோது பொறுமை ஸ்பேனரை எறியவில்லை. "முதுகுக்கு நல்லா இருந்துச்சு மேடம்" என்று மட்டும் சொன்னார்.

இனி என் கையெழுத்து. இருபத்துமூன்று ஆண்டுகளில் ஓடாத வண்டி ஒன்றை ஓடும் என்று நான் எழுதிக்கொடுத்ததில்லை. எனக்கென்று இந்தப் பணிமனையில் இருப்பது அந்த ஒன்றுதான். பதவி உயர்வுகளெல்லாம் உன்னைப் போன்றவர்களுக்குப் போய்விட்டன. கையெழுத்துப் போடாவிட்டால் வேறு பணிமனையின் ஆய்வாளரை வைத்து வாங்கிக்கொள்வோம், என்னைத் தொலைந்த பொருள் பிரிவுக்கு மாற்றச் சொல்வார்கள் என்று சுற்றிவளைத்துச் சொன்னாய். மாற்றச் சொல். அங்கே குடைகளை எண்ணிக்கொண்டிருப்பேன். ஒற்றைச் செருப்பு எப்படித் தொலைகிறது என்று ஆராய்வேன். அங்கே எந்தக் குடையும் தன்னை ஆண்டின் சிறந்த குடை என்று சொல்லிக்கொள்ளாது. ஆக, முடிவாக எழுதுகிறேன்: உன் தகட்டில் எண் பொறித்த வண்டிக்கு என் கையெழுத்து கிடையாது. அக்கா தம்பி உறவெல்லாம் வீட்டோடு.

உன் மனைவிக்கு என் அன்பு. அவள் புத்திசாலி, இந்தக் கடிதத்தை அவளிடம் காட்டு. பிள்ளைகள் நன்றாகப் படிக்கட்டும், ஆனால் குழுக்களில் சேராதிருக்கட்டும். நீயும் நூறாண்டு இருந்து, ஒரு நாளாவது படியிறங்கிக் கீழே வர வேண்டுமென்று வாழ்த்துகிறேன்.

இப்படிக்கு,
உன் அக்கா

பின்குறிப்பு: எழுதி ஐந்து நாளாகியும் இதைத் தபாலில் சேர்க்க முடியவில்லை. கையெழுத்துப் போட மறுப்பதற்கு ஒரு குறையாவது எழுத்தில் காட்ட வேண்டும் அல்லவா? மூன்று நாள் பதினான்கின் அடியிலும் மேலேயும் தவழ்ந்தேன். இருநூற்றுப் பன்னிரண்டு சோதனைகள். சோதனைத் தடத்தில் ஆறு முறை ஓட்டச் சொல்லி உள்ளே நின்றேன். தண்ணீர் டம்ளரைத் தரையில் வைத்துப் பார்த்தேன், ஒரு சொட்டுச் சிந்தவில்லை. நான்கு வண்டிகளின் நல்லதையெல்லாம் ஒன்றில் போட்டால் வேறென்ன ஆகும்? நாற்பது வண்டிகளில் இதுதான் சிறந்தது. இதை எழுதும்போது எனக்குக் கை கூசுகிறது. கையெழுத்துப் போட்டுவிட்டேன்.

கழற்றிய நான்கையும் ஒன்பதாம் தடத்தின் கோடியில் நிறுத்தியிருக்கிறார்கள். பதிவேட்டில் பொறுமை "தயார் நிலை" என்று எழுதியாயிற்று. ஸ்டோர்க்காரரும் தேறிவிட்டார், நேற்று ஒரு பல்பு கேட்டதற்கு, "எட்டுல இருக்கான்னு பாருங்க" என்றார்.

வியாழக்கிழமை விழாவுக்கு நேரத்துக்கு வந்துவிடுவேன் என்று உறுதி சொல்ல முடியாது. எங்கள் பக்கம் வரும் காலை வண்டி எட்டாம் எண்.