கலைக்கப்பட்ட பஞ்சாயத்தின் கலையாத மெம்பர்

பதவியை விட்டு இறங்க மாட்டேன் என்று அடம்பிடித்த தலைவர்கள் எத்தனையோ பேரை இந்த நாடு பார்த்திருக்கிறது. ஆனால் பதவியையும் ஆபீசையும், போதாக்குறைக்கு ஊரையே அரசாங்கம் ரத்து செய்த பிறகும் பதவியில் நீடித்த ஒரே மனிதர், எனக்குத் தெரிந்து, எங்கள் மெம்பர்தான்.

பொம்மனஹள்ளியைத் தாண்டி ஓசூர் ரோட்டிலிருந்து உள்ளே திரும்பினால் வரும் ஒரு கிராமத்தில் அப்போது நான் குடியிருந்தேன். கிராமம் என்றதும் வயலையும் வரப்பையும் நினைத்துக்கொள்ள வேண்டாம். ஃபேக்டரி தொழிலாளிகளும் கார்மெண்ட்ஸ் பெண்களும் என்னைப் போன்ற கம்ப்யூட்டர் ஆசாமிகளும் நெருக்கியடித்துக்கொண்டு வாழ்ந்த சந்துகள்தான் கிராமம். அதை ஆண்டது ஒரு கிராம பஞ்சாயத்து. அந்தப் பஞ்சாயத்தில் எங்கள் சந்துகளின் சார்பாக உட்கார்ந்திருந்தவர் மெம்பர். அவருக்கென்று அப்பா அம்மா வைத்த பெயர் ஒன்று இருந்திருக்கத்தான் வேண்டும். ஆனால் அவர் மனைவியே அவரை "மெம்பரு" என்றுதான் சொல்வார். கோபம் வந்தால் மட்டும் "இந்தாளு".

தொழில், ஷாமியானா கடை. பந்தல், பிளாஸ்டிக் நாற்காலி, மைக்செட் எல்லாம் வாடகைக்கு விடுவார். கல்யாண வீடுகளில் மைக்கைச் சோதிக்க "ஹலோ, ஹலோ" சொல்லிச் சொல்லியே அரசியலுக்கு வந்துவிட்டார் என்று தெருவில் பேச்சு. பல தேர்தல்களில் தோற்று, கடைசியில் எதிராளியும் இவரும் சரிசமமாக ஓட்டு வாங்க, சீட்டுக் குலுக்கிப் போட்டதில் ஜெயித்தார்.

"மத்தவங்கள ஜனங்க மட்டும்தான் சார் தேர்ந்தெடுத்தாங்கோ. என்னை ஜனங்களும் தேர்ந்தெடுத்தாங்கோ, சாமியும் தேர்ந்தெடுத்துச்சு" என்பார். மறுப்பதற்கு யாரிடமும் ஆதாரம் இல்லை.

சாமி தேர்ந்தெடுத்து ஒரு வருஷம்கூட ஆகவில்லை. சுற்றுவட்டாரத்தில் நூற்றுக்கும் மேற்பட்ட கிராமங்களை நகரத்தோடு சேர்த்து ஒரே பெரிய மாநகராட்சியாக ஆக்குகிறோம் என்று அரசாங்கம் அறிவித்தது. அந்தச் செய்தி டிவியில் வந்தபோது மெம்பர் சலூன் நாற்காலியில் இருந்தார். பக்கத்து நாற்காலியில் நான். ஒரு கன்னத்தில் சவரம் முடிந்து, மறு கன்னத்தில் நுரை காயாமல் இருந்தது. "இனிமேல் கிராம பஞ்சாயத்துகள் இருக்காது" என்று செய்தி சொன்னதுதான் தாமதம், கழுத்தில் கட்டிய துணியோடு எழுந்து ஓடினார். "மெம்பரே, இன்னொரு பக்கம்!" என்று கத்திக்கொண்டே சலூன்காரர் பின்னால் ஓட, என்னதான் ஆகிறது என்று பார்க்க நானும் ஓடினேன்.

பஞ்சாயத்து ஆபீசில் கன்னடக்காரரான செகரெட்டரி, பீரோவை ஒழித்துக்கொண்டிருந்தார்.

"சாரே, நான் இப்போ யாரு?" என்று மூச்சிரைக்கக் கேட்டார் மெம்பர்.

செகரெட்டரி நுரைக் கன்னத்தை ஒரு முறையும் வழித்த கன்னத்தை ஒரு முறையும் பார்த்தார். "மெம்பரே, நீவு ஈக பொதுஜனா" என்றார் சாந்தமாக.

"பொதுஜனமா? நானா?" மெம்பர் துடித்துப்போனார். "பொதுஜனம் ஓட்டுப் போட்டுத்தானே நான் வந்தேன்? மறுபடியும் என்னையே பொதுஜனமாக்கினா எப்படி?"

அன்றிலிருந்து அரசாங்கம் ஒரு பக்கம், மெம்பர் ஒரு பக்கம். அவருடைய வண்டியில் 'சதஸ்யரு', அதாவது உறுப்பினர், என்று கன்னடத்தில் சிவப்பாக எழுதியிருக்கும். ஒருநாள் டிராஃபிக் போலீஸ்காரர் நிறுத்தி, இல்லாத பஞ்சாயத்துக்கு என்ன சதஸ்யரு, 'மாஜி' என்று சேர்த்து எழுது என்று அதட்டினார். சட்டத்தை மதிப்பவரான மெம்பர் அன்றைக்கே எழுதினார். அடுத்த முறை அதே போலீஸ்காரர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மாட்டிக்கொண்டு நம்பர் பிளேட்டுக்குக் குனிந்தும் 'மாஜி' அகப்படவில்லை. கடைசியில் மெம்பரே விரலை வைத்துக் காட்டினார். அரிசியில் பெயர் எழுதுகிறவனிடம் கொடுத்து எழுதியது போல இருந்தது.

புதிதாக இட்லிக்கடை திறந்தால் ரிப்பன் வெட்டுவார். புருஷன் பெண்டாட்டி சண்டைக்கு, கூப்பிடாமலே நாற்காலி போட்டுக்கொண்டு விசாரணை நடத்துவார். "பஞ்சாயத்தே போச்சு. இந்தாளுக்குப் பிடிச்ச பஞ்சாயத்து மட்டும் போகல" என்பார் அவர் மனைவி. கார்மெண்ட்ஸ் வேலைக்குப் போய் வீட்டையும் தெருவையும் ஒரு அதட்டலில் வைத்திருந்த பெண்மணி அவர்.

நாங்களெல்லாம் சிரித்துக்கொண்டிருந்தோம். கோடை வந்ததும் சிரிப்பு நின்றது.

எங்கள் சந்துகளுக்குத் தண்ணீர் தந்தது பஞ்சாயத்து போர்வெல். பஞ்சாயத்து போனதும் வால்வு திறந்துவிடுகிறவர் ஹெப்பகோடிப் பக்கம் வேறு வேலை பார்த்துக்கொண்டு போய்விட்டார். மோட்டார் ரூமில் பஞ்சாயத்துப் பூட்டு தொங்கியது. மாநகராட்சியின் வார்டு ஆபீசில் போய்க் கேட்டால், "அந்த போர்வெல் இன்னும் எங்க கைக்கு வரல்ல" என்றார் இளம் இன்ஜினியர். சரி, யார் கையில் இருக்கிறது என்று கேட்டால் அதுவும் தெரியாது. டேங்கர் லாரியைக் கண்டால் குடத்தோடு ஓடுவதும், ஓடின இடத்தில் சண்டை போடுவதுமாகத் தெரு நாறிப்போனது. கைக்குழந்தைக்காரிகள் அழுதே விட்டார்கள்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை, தெருவை அடைத்துப் பந்தல் முளைத்தது. வரிசையாக நாற்காலிகள். மைக்கில் மெம்பர்.

"ஹலோ, ஹலோ! கிராமசபா ஆரம்பம்! எல்லாரும் வாங்கோ!"

கிராமமே இல்லாத இடத்தில் கிராமசபா! ஆனாலும் நாற்காலிகள் நிரம்பி, ஜனம் நின்றுகொண்டும் கேட்டது. மெம்பர் தொண்டையைச் செருமினார். "தீர்மானம் இன்னான்னா, நம்ம வீட்டுக் குழாய்ல தண்ணி வர்ற வரைக்கும் நம்ம பஞ்சாயத்து உயிரோட இருக்குது. ஆட்சேபணை உள்ளவங்க கை தூக்கலாம்."

ஒரே ஒரு கை உயர்ந்தது. அவர் மனைவி.

"தீர்மானத்தக் குடத்துல புடிக்க முடியுமா? மைக்க வெச்சுட்டுப் போயி அந்தப் பூட்ட ஒடைங்க!"

கிராமசபா வரலாற்றிலேயே இத்தனை ஏகமனதாக ஒரு திருத்தம் நிறைவேறியிருக்காது. மொத்தக் கூட்டமும் மோட்டார் ரூமுக்குப் பாய்ந்தது. பந்தல் கம்பியால் மெம்பர் ஓங்கி ஒரு போடு போட்டார். பூட்டு கழன்று விழுந்தது. சுவிட்சைப் போட்டதும் மோட்டார் இருமியது, கனைத்தது, பிறகு ஓட ஆரம்பித்தது. தெருக்கோடியிலிருந்து ஒரு பெண் "வந்துருச்சுடோய்!" என்று கூவிய கூவல் இன்னும் என் காதில் இருக்கிறது. சந்து சந்தாக அந்தக் கூவல் ஓடியது. நான் போட்டிருந்த சட்டையோடு குழாயடியில் நின்று தலையை நனைத்துக்கொண்டேன். மெம்பரை நான்கு பேர் தூக்கி, அவர் கடை நாற்காலியிலேயே உட்காரவைத்து ஊர்வலம் விட்டார்கள்.

மறுநாள் இன்ஜினியர் போலீஸ் ஜீப்போடு வந்தார்.

"யார் பூட்டை உடைச்சது?"

"பஞ்சாயத்துத் தீர்மானம்" என்றார் மெம்பர், நெஞ்சை நிமிர்த்தி.

"பஞ்சாயத்துதான் இல்லையே!"

"அப்போ அது போட்ட பூட்டும் இல்ல. இல்லாத பூட்ட எப்படி சார் ஒடைக்கறது?"

ஜனம் கைதட்டியது. இன்ஜினியர் முகம் சிவந்தது. ஜீப்பில் ஏறச் சொன்னார்கள். பெண்கள் குடங்களோடு ஜீப்பை மறித்தார்கள். மெம்பரோ, "வழி விடுங்கோ, வழி விடுங்கோ" என்று எல்லோருக்கும் கும்பிடு போட்டபடி முன்சீட்டில் ஏறப்போனார். பின்னால் தள்ளினார்கள். "நீங்க படிச்சவங்க, கூடப் போங்க சார்" என்று அவர் மனைவி என்னையும் உள்ளே தள்ளினார். அதுவரை அதட்டலாகவே நான் கேட்டிருந்த அந்தக் குரல் நடுங்கியது. கேஸ் போட்டால் கடையும் போகும், ஆளும் உள்ளே போவார் என்பது அவருக்குத் தெரிந்திருந்தது. ஜீப் கிளம்பியதும் மெம்பரும் என் கையைப் பிடித்துக்கொண்டார்.

ஸ்டேஷனில் இன்ஸ்பெக்டர் அலுப்போடு இன்ஜினியரைக் கேட்டார். "கம்ப்ளெயிண்ட் குடுங்க. போர்வெல் யாருது?"

"அது... இன்னும் எங்க கைக்கு வரல்ல."

"உங்களுது இல்லன்னா, கம்ப்ளெயிண்ட் குடுக்க நீங்க யாரு?"

இன்ஜினியர் அவசரமாக, "எங்களுதுதான் சார்!" என்றார்.

"உங்களுதா? அப்போ இத்தனை நாளா ஜனங்களுக்கு ஏன் தண்ணி விடல?"

இன்ஜினியர் வெளியே போய் மேலதிகாரிக்குப் போன் செய்தார். ரொம்ப நேரம் பேசினார். திரும்பி வந்தபோது கம்ப்ளெயிண்டை மறந்திருந்தார். போர்வெல்லை மாநகராட்சி ஏற்றுக்கொள்கிறது, வால்வு திறக்க ஆள் போடுகிறது. எனக்குத் துள்ளிக் குதிக்க வேண்டும் போல இருந்தது. மெம்பரைப் பார்த்தேன். அவர் குதிக்கவில்லை.

மாநகராட்சியின் ஆள் வந்து, முறையாக எல்லா வீட்டுக்கும் தண்ணீர் விட்ட அன்று மறுபடியும் பந்தல் போட்டார் மெம்பர். இரண்டு கன்னத்திலும் பளபளவென்று சவரம், சலவை வேட்டி.

"ஹலோ" என்றார். ஒரே ஒரு ஹலோதான். "தண்ணி வர்ற வரைக்கும்னு தீர்மானம் போட்டோம். தண்ணி வந்துருச்சு. அதனால நம்ம பஞ்சாயத்து இன்னையோட..."

மனைவி எழுந்துபோய் மைக்கை வாங்கி, "கலைஞ்சுருச்சு. எல்லாரும் காபி குடிச்சுட்டுப் போங்க" என்று முடித்துவைத்தார். அரசாங்கம் ஒரு உத்தரவில் கலைத்தபோது யாருக்கும் ஒன்றும் தோன்றவில்லை. அவராகக் கலைத்த அன்று சிலர் மூக்கை உறிஞ்சினார்கள். நானும்தான்.

பிறகு நான் வீடு மாறிப்போனேன். சமீபத்தில் அந்தப் பெரிய மாநகராட்சியையும் ஐந்தாகப் பிரித்துவிட்டார்கள் அல்லவா? அந்தச் சமயத்தில் ஓசூர் ரோட்டில் மெம்பரைப் பார்த்தேன். தலை நரைத்திருந்தது, குரலுக்கு மட்டும் இன்னும் மைக் தேவைப்படவில்லை.

"கேட்டீங்களா சார்! நம்மள முழுங்கிச்சே, அதுவே இப்போ இல்லியாம்!" என்று தோளைக் குலுக்கினார். அடுத்த நொடியே முகம் வாடிவிட்டது. "பாவம் சார், அங்க யாராச்சும் என்னை மாதிரி இருந்திருப்பாங்கோ."

போகப் புறப்பட்டவர் நின்று, "வீட்ல தண்ணி நல்லா வருதா?" என்றார்.

நான் இருப்பது பெரிய அபார்ட்மெண்ட். ராத்திரி பகல் எந்நேரமும் தண்ணீர் பீறிட்டுக்கொண்டு வரும்.

"எங்க மெம்பரே, சொட்டுச் சொட்டாத்தான் வருது" என்றேன்.

"விடுங்க, நான் பேசறேன்" என்று சொல்லிவிட்டு, வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு அவர் வேகவேகமாக நடந்து போனார். கூட்டத்தில் அவர் தலை மறைகிற வரைக்கும் நான் அங்கேயே நின்றிருந்தேன்.