பதினேழாம் எண் விரிசல்

பழைய கட்டடத்தைப் பழையதாகவே வைத்திருப்பது நாகரிக அரசாங்கத்தின் தலையாய கடமை. அந்தக் கடமைக்கு நேர் கீழே தினமும் இரண்டு வேளை குனிந்து பெருக்கியவள் காவலாளியின் மனைவி.

கட்டடம், ஒரு காலத்தில் வீட்டு முகப்புக்குச் சுதைப் பூவும் சிங்கமுகமும் வார்த்து விற்ற கம்பெனியின் அலுவலகம். முதலாளி கெட்டிக்காரர். விற்கும் சாமானில் ஒவ்வொன்றைத் தன் வாசற் சுவரிலேயே பதித்து, கீழே எண்ணும் போட்டிருந்தார். வாங்க வருகிறவர்கள் தெருவில் நின்று அண்ணாந்து, எட்டில் நாலு, பன்னிரண்டில் ரெண்டு என்று சொல்லிவிட்டுப் போவார்கள். கம்பெனி படுத்துவிட்டது, சுவர் படுக்கவில்லை. அதைப் பாரம்பரியச் சின்னம் என்று அறிவித்து, ஒரு காவலாளியையும் போட்டார்கள்.

வாசலுக்கு மேலே பதினேழாம் எண் சிங்கம். அதன் கழுத்தில் விரிசல். விழுந்தால் தன் மனைவி மண்டையில்தான் விழும் என்று காவலாளி மனு கொடுத்தான். பாரம்பரிய அதிகாரி ஏணியோடு வந்து அளந்து, 'தொன்மை வாய்ந்த விரிசல் ஒன்று, நீளம் இரண்டடி' என்று பதிவேட்டில் ஏற்றினார்.

"அடைச்சுடலாங்களா ஐயா?"

"பதிவேட்டுல ஏறினதை யாரும் தொடக் கூடாது."

"விழுந்துட்டா?"

"விழுந்தா பழுதுன்னு எழுதலாம். இப்பதான் விழலையே."

மறுவாரம் சிங்கத்தின் பிடரியிலிருந்து ஒரு கட்டி பெயர்ந்து துடைப்பத்துக்கு முன்னால் விழுந்தது. அரசாங்கத்திடம் சிங்கம் ஆயிரம் இருக்கலாம். காவலாளிக்கு மனைவி ஒருத்திதான். கொத்தனாரான மைத்துனனைக் கூப்பிட்டான். அவன் ஒரு விடுமுறை நாளில் கம்பி கொடுத்து, சிமெண்ட் பூசி, சிங்கத்தை இன்னும் நூறு வருஷத்துக்கு நிறுத்திவிட்டான்.

மாதம் முடிவதற்குள் நோட்டீஸ் வந்தது. பதிவேட்டில் உள்ள விரிசல் சுவரில் காணப்படவில்லை. காவலாளியின் பொறுப்பில் இருந்த மேற்படி விரிசலை ஏழு நாளுக்குள், நீளம் குறையாமல் ஒப்படைக்காவிட்டால் வேலை போகும். மைத்துனன் தலையில் அடித்துக்கொண்டு, ஆணியால் கீறி, கரியைத் தேய்த்து, சரியாக இரண்டடிக்கு ஒன்று போட்டுக் கொடுத்தான்.

இந்தக் காலத்துச் சுவருக்கு இப்படி விரியத் தெரியுமா என்று அதிகாரி உருகிப்போனார். பக்கத்தில் பலகை வைத்தார்கள். பத்திரிகையில் படம் வந்தது. அப்புறம் புது வீடு கட்டியவர்கள் எல்லாம் வாசலில் ஒரு விரிசல் கேட்டார்கள். மைத்துனனுக்கு ஒழுகுகிற கூரையைப் பார்க்க நேரமே இல்லை.

விரிசலைப் பாராட்டி அந்த வாசலிலேயே விழா எடுத்தார்கள். அதிகாரிகள் சிங்கத்தைச் சுற்றி நின்றார்கள். அப்போதுதான் காவலாளி பார்த்தான். பக்கத்திலிருந்த பதினெட்டாம் எண் திராட்சைக் கொத்திலும் ஒரு விரிசல்.

"இதை எப்படா போட்டே? பதினேழைவிட நல்லா வந்திருக்கு," என்று மைத்துனன் காதில் கேட்டான்.

"இங்க நான் பதினேழோட நிறுத்திட்டேன் மாமா."

காவலாளி அதிகாரியிடம் ஓடினான். "ஐயா, தள்ளி நில்லுங்க. இது நிஜமாவே விழும்."

அதிகாரி சிரித்தார். "பதினேழுக்கும் இதையேதான் சொன்னே. விழுந்துச்சா?"

ஏன் விழவில்லை என்று சொன்னால் வேலை போய்விடும். காவலாளி மனைவியின் கையைப் பிடித்துத் தெருவுக்கு இழுத்தான்.

"போட்டோ எடுக்கிற நேரத்துல எங்கங்க இழுக்கறீங்க?" என்று அவள் கையை உதறிவிட்டு, தலைமுடியைச் சரிசெய்துகொண்டு, முதல் வரிசையில் போய் நின்றாள்.

காவலாளியும் போய் அவள் பக்கத்தில் நின்றான். படம் எடுக்கிறவர் சிரிக்கச் சொன்னார். மேலே பார்க்காமல் சிரித்தான்.