கெட்டிமேளம் கேட்டதும் ஓடி வரணும்

சினிமாவுல வசனம் பேசுற ஆசை மட்டும் ஒரு பொம்பளைக்கு வரவே கூடாது. வந்துச்சுன்னா ஊருல ஒரு கல்யாணம் உருப்படியா நடக்காது. நாஞ் சொல்றேன், கேட்டுக்கோங்க.

காரைக்குடிப் பக்கம் படம் புடிக்க வர்றவுகளுக்கெல்லாம் என்னையத் தெரியும். எழவு வீடுன்னா மொத வரிசையில அழுவேன். கோயில்னா கதாநாயகி பின்னாடி வெளக்கேந்தி நிப்பேன். சீரியல்லயும் அதே அழுகைதான், சேலை மட்டும் வேற. (நான் அழுது அனுப்புன பொணமெல்லாம் எந்திரிச்சு டீ குடிச்சிருக்கு.) வாயத் தொறந்து ஒரு வார்த்தை பேச விட்டதில்லை.

அன்னைக்கு வலையபட்டியில ஒரு பெரிய வீட்டுல கல்யாணக் காட்சி. உதவி டைரக்டர் தம்பி வந்து, "பாட்டிம்மா, இன்னைக்கு உங்களுக்கு டயலாக் இருக்கு"ன்னுச்சு. நான் சேலையை இழுத்துச் சொருகிக்கிட்டேன். "பின்தெருவுல நில்லுங்க. கெட்டிமேளம் கேட்டதும் பின்வாசல் வழியா ஓடிவந்து கத்தணும்."

அந்த ஊரு வீடெல்லாம் முன்வாசல் ஒரு தெருவுல, பின்வாசல் அடுத்த தெருவுல. பின்னாடி நின்னு பாத்தா எல்லாம் ஒண்ணுபோலத்தான் இருக்கும். நான் வசனத்தை முணுமுணுத்துக்கிட்டே அங்குட்டும் இங்குட்டும் நடந்தேன். கேட்டுச்சு கெட்டிமேளம். பாய்ஞ்சேன். அடுப்படி தாண்டி, முற்றம் தாண்டி உள்ள போனா லைட்டு, கேமரா, தலைக்கு மேல ட்ரோன், எல்லாம் இருந்துச்சு.

"நிப்பாட்டுங்கடா கல்யாணத்தை! இவனுக்குக் கல்லல் ஊருல ஒரு பொண்டாட்டி இருக்கா!"

மேளம் நின்னுச்சு. தாலியில மொத முடிச்சு விழுந்து, மிச்சத்தைப் போடவந்த நாத்தனா கை அந்தரத்துல நிக்குது. பொண்ணோட அம்மா வந்து பளார்னு ஒண்ணு விட்டா. அடேயப்பா, என்னமா நடிக்கிறா இந்தப் பொம்பளைன்னு அசந்துபோயி கேமராக்காரப் பயகிட்டக் கேட்டேன்: "தம்பி, அடி சரியா விழுந்துச்சா? இன்னொருக்கா அடிக்கச் சொல்லவா?"

அவன் கேமராவை எறக்கிட்டு, "ஆத்தா, இது நெசக் கல்யாணம்"ன்னான்.

அப்பத்தான் பக்கத்து வீட்டுலருந்து கெட்டிமேளம் கேக்குது. கூடவே மைக்குல, "பாட்டிம்மா எங்கே? பாட்டிம்மா!"

மாப்பிள்ளையோட அப்பா தூணைப் புடிச்சுக்கிட்டே உக்காந்துட்டாரு. பொண்ணோட மாமன், "எவன் உன்னைய அனுப்புனது?"ன்னு கையை ஓங்கிட்டு வாராரு. "ஐயா, நான் நடிக்க வந்தவ"ன்னேன். "அதான் தெரியுதே!"ங்கிறாரு.

நல்லவேளை, மணவறையிலருந்து பொண்ணே கத்துனா: "மாமா, விடுங்க! இவுக சீரியல்ல எழவு வீட்டுல அழுவாகளே, அந்த ஆத்தா!"

என்னைய அடையாளம் கண்டுக்கிட்ட மொத ரசிகை. எடந்தான் சரியில்லை.

அப்புறம் அவ நாத்தனா பக்கம் திரும்பி, "மதினி, சட்டுனு முடிச்சைப் போடுங்க. அடுத்து வேற யாரும் வந்துரப் போறாக"ன்னா. போட்டாக. (மாப்பிள்ளைக்கு ஏன் அப்புடி வேர்த்துச்சுன்னு மட்டும் யாரும் கேக்கலை. நானும் கேக்கலை.)

பக்கத்து வீட்டு ஷூட்டிங்குல என் வசனத்தை, சாப்பாடு பரிமாற வந்த அம்மாகிட்டக் குடுத்துட்டாக. அது ஒரே டேக்குல கத்திட்டு, சாம்பார் வாளியத் தூக்கிட்டுப் போயிருச்சு. நான் பழையபடி அழுகைக்கே வந்துட்டேன்.

இன்னைக்கும் எங்க சொந்தத்துல ஒரு கல்யாணம்னா, மேளக்காரரு கெட்டிமேளத்துக்குக் கையத் தூக்குறதுக்கு முன்னாடி என் பேத்தி ஒரு மாவுருண்டைய என் வாயில திணிச்சுருவா.

"மெல்லு அப்பத்தா, மெதுவா மெல்லு. மூணு முடிச்சும் விழட்டும்."