டிஎல்எல் அண்ணன் பார்த்த பொருத்தம்

திண்டுக்கல் பஸ் ஸ்டாண்டைச் சுற்றி ஒரு காலத்தில் எத்தனை கம்ப்யூட்டர் ஓடியதோ, அத்தனையும் ஒரே மனிதரின் தயவில்தான் ஓடின. அவருக்கு அப்பா அம்மா வைத்த பெயர் எங்களில் ஒருவருக்கும் தெரியாது. டிஎல்எல் அண்ணன், அவ்வளவுதான்.

டிஎல்எல் என்பது கம்ப்யூட்டருக்குள் இருக்கும் ஒரு வகை ஃபைல். பத்து புரோகிராம்கள் பங்கு போட்டுப் பயன்படுத்தும் பொதுச் சொத்து. அது காணாமல் போனால் பத்தும் படுத்துவிடும். அண்ணன் குஜிலியம்பாறையிலிருந்து மொபெட்டில் வந்து, வேறொரு மெசினிலிருந்து அதே ஃபைலை எடுத்துப் போடுவார். சும்மா போட மாட்டார், பொருத்தம் பார்ப்பார். எந்த விண்டோஸ், எந்த சர்வீஸ் பேக் என்று ஊர் மெசின்களின் ஜாதகமெல்லாம் ஒரு நோட்டில் எழுதி வைத்திருந்தார்.

"நெட்லயே இறக்கிக்கலாமேண்ணே?" என்று ஒருநாள் கேட்டேன்.

"ஏலே, ரோட்டுல கெடக்குறத எடுத்து வாயில போடுவியா?"

அப்போது நான் எட்டு மெசினோடு பிரவுசிங் சென்டர் நடத்திக்கொண்டிருந்தேன். பெரிய மெசினுக்கு வரும் நெட்தான் மற்ற ஏழுக்கும் பிரிந்து போகும். ஒருநாள் காலை அதில் இடம் போதவில்லை என்று, யாரும் திறந்தே பார்க்காத ஃபைல்களாகத் தேடி அழித்தேன். நெட்டைப் பங்கு வைப்பதற்கும், கண்டதும் உள்ளே நுழையாமல் தடுக்கும் ஃபயர்வாலுக்கும் பொதுவான ஃபைலும் அதோடு போய்விட்டது. அதன் நகல் வேறோர் இடத்தில் இருந்தது. ஒரே பெயரில் எதற்கு இரண்டு என்று அதையும் அழித்திருந்தேன். என் சாமர்த்தியம் அப்படி.

அன்று மூன்று மணிக்கு, என் சென்டரை ஆன்லைன் தேர்வு மையமாக எடுத்துக்கொள்ளலாமா என்று பார்க்க அதிகாரி வருவதாக இருந்தது. அது கிடைக்காவிட்டால் கடையை மூடவேண்டியதுதான்.

அண்ணன் வந்தார். திட்டவில்லை. நோட்டைப் புரட்டினார்.

"ஒன் மத்த ஏழும் பழைய விண்டோசு, ஒட்டாது. இதுக்குப் பத்துப் பொருத்தமும் உள்ளது ஒன்னே ஒன்னுதான். சின்னாளப்பட்டில, ஒன் மச்சான் கடையில பில்லு போடுற மெசினு."

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. என் மனைவியின் அண்ணன் அங்கே சுங்குடிச் சேலை வியாபாரி. அவர் மகனின் காதுகுத்துப் பத்திரிகையில் என் பெயர் விட்டுப்போனதிலிருந்து, இரண்டு வருடமாக எங்களுக்குள் பேச்சு இல்லை. அச்சகத்தின் தவறு என்றார். நான் நம்பவில்லை.

"நான் வரலண்ணே."

"அப்ப அதிகாரி வந்தா டீ வாங்கிக் குடுத்து அனுப்பிரு."

மொபெட்டில் பின்னால் ஏறினேன்.

என்னைப் பார்த்ததும் மச்சான், ஏற்கெனவே மடித்த சேலையை எடுத்து மறுபடி மடிக்க ஆரம்பித்தார். "எதுக்கு வந்துருக்காருன்னு கேளுங்க" என்றார் அண்ணனிடம்.

"பத்திரிகையில விட்டுப்போன ஆளு வந்துருக்குன்னு சொல்லுங்க" என்றேன் நான்.

அண்ணன் எங்கள் நடுவில் நாற்காலியைப் போட்டு உட்கார்ந்தார். "இப்ப நான்தான் ஃபயர்வாலு. எதுவும் என்னத் தாண்டித்தான் போகணும். இப்ப நீ சொன்னது பிளாக்கு. வேற சொல்லு."

பத்து நிமிடம் நாங்கள் சொன்னதெல்லாம் பிளாக். கடைசியில் மச்சான், சேலையைப் பார்த்தபடியே, "சாப்டாரான்னு கேளுங்க" என்றார்.

"ம், இது போகலாம்" என்று என் பக்கம் திரும்பினார் அண்ணன். "சாப்டியான்னு கேக்குறாரு."

"இல்லன்னு சொல்லுங்கண்ணே."

மச்சான் எழுந்து, அண்ணனைச் சுற்றிக்கொண்டு நேராக என்னிடம் வந்தார். "கை கழுவுங்க மாப்ள."

மூவரும் சாப்பிட்டோம். அண்ணன் கழுத்தில் தொங்கிய பென் டிரைவைச் செருகி ஃபைலை நகலெடுத்தார். திரையில் ஒரு கேள்வி வந்தது. பென் டிரைவில் இதே பெயரில் ஏற்கெனவே ஒரு ஃபைல் இருக்கிறது, மாற்றவா? இரண்டின் அளவும் தேதியும் அச்சு அசலாக ஒன்றுதான். அண்ணன் அவசரமாகப் பட்டனை அமுக்கினார்.

திரும்பும் வழியில் கேட்டேன். "அண்ணே, அந்த ஃபைலு ஒங்க கழுத்துலயே இருந்துச்சா?"

"காத்துல ஒன்னும் கேக்கல அப்பு."

மூன்று மணிக்கு எட்டு மெசினும் ஓடின. மையமும் கிடைத்தது.

இப்போது என் மகளுக்குக் கல்யாணம். பத்திரிகைக்கு அண்ணனின் சொந்தப் பெயரைக் கேட்டு மச்சான் போன் போட்டார். "பேரு என்னத்துக்கு? நான்தான் வாரேன்ல" என்று சிரித்தபடி போனை வைத்துவிட்டார் அண்ணன். ஆகவே தாய்மாமன் பெயருக்குப் பக்கத்தில் 'டிஎல்எல் அண்ணன்' என்றே எழுதிக் கொடுத்தோம்.

அச்சகக்காரர் கண்ணாடியை ஏற்றிவிட்டு, "இது ஏதோ தப்பா விழுந்துருக்கே, எடுத்துரவா?" என்றார்.

"எடுத்துராதீங்க, அவரு எங்க வீட்டுப் பெரியவரு" என்றோம் நானும் மச்சானும், ஒரே நேரத்தில்.